செக்கு நல்லெண்ணெய்க்கு மாறியதும் அப்பா பிரஷர் மாத்திரையை நிறுத்திவிட்டார்: எண்ணெயால் ரத்த அழுத்தம் குறையுமா?

பொருநை (திருநெல்வேலி டவுன்) கேட்டது:

அனைவருக்கும் வணக்கம். என் தந்தைக்கு வயது 62. மூன்று ஆண்டுகளாக அம்லோடிபின் 5 மில்லிகிராம் மாத்திரையை நாள்தோறும் காலையில் ஒன்று சாப்பிட்டு வந்தார். அழுத்தமும் 130/84 என்ற அளவில் நின்றிருந்தது. பொங்கலுக்கு வந்திருந்த பெரியப்பா, இந்த நோய்களுக்கெல்லாம் ரீபைண்ட் எண்ணெய்தான் காரணம் என்றும், செக்கு நல்லெண்ணெய்க்கு மாறினால் மாத்திரையே தேவைப்படாது என்றும் உறுதியாகச் சொல்லிவிட்டுப் போனார். அந்த வாரமே வீட்டில் எண்ணெயை மாற்றிவிட்டோம். ஆனால் அப்பா மாத்திரையையும் சேர்த்தே நிறுத்திவிட்டார் என்பது எங்களுக்குத் தெரியாது. சென்ற வெள்ளிக்கிழமை பூஜை அலமாரியைத் துடைக்கும்போது, திருநீற்று மரவைக்குப் பின்னால் பிரிக்கப்படாத மாத்திரை அட்டைகள் மூன்று இருந்தன. உடனே அழைத்துப்போய்ப் பார்த்ததில் அழுத்தம் 158/96 என்று காட்டியது. ரத்தப் பரிசோதனையில் எல்.டி.எல். என்னும் கெட்ட கொழுப்பு 152 என்று வந்திருக்கிறது. அவரோ தமக்குத் தலைவலியோ மயக்கமோ இல்லை என்றும், உடம்பு முன்னைவிட நன்றாக இருக்கிறது என்றும் வாதாடுகிறார்.

எங்கள் வீட்டில் நான்கு பேர். மாதத்துக்கு நல்லெண்ணெய் இரண்டு லிட்டர், கடலை எண்ணெய் ஒன்றரை லிட்டர், பொரிப்பதற்கு ரேஷன் பாமாயில் ஒரு லிட்டர், அம்மா செங்கோட்டைக்காரர் என்பதால் அவியலுக்கும் தாளிப்புக்கும் தேங்காயெண்ணெய் அரை லிட்டர் ஆகிறது. அன்றாடம் ஒரு தேங்காய் உடைத்துவிடுவோம். ஒரு கிலோ உப்புப் பாக்கெட் 25 நாளில் தீர்ந்துவிடும். எண்ணெயை மாற்றினால் ரத்த அழுத்தம் குறையும் என்பதில் எவ்வளவு உண்மை இருக்கிறது? இதயத்துக்கு ஏற்ற எண்ணெய் எது? அப்பாவிடம் எடுத்துச் சொல்லும்படியான விளக்கம் வேண்டும்.

ஓய்வுபெற்ற மருத்துவர் (பாளையங்கோட்டை) எழுதியது:

அம்மா, முதலில் மாத்திரை. உங்கள் தந்தையை அவரது மருத்துவரிடம் இந்த வாரமே அழைத்துச் சென்று, நிறுத்தியதை ஒளிக்காமல் சொல்லி, மாத்திரையைத் திரும்பத் தொடங்கச் செய்யுங்கள். தலைவலி இல்லை என்பது ஆறுதல் தரும் சான்று அல்ல. இந்த நோய் பெரும்பாலானவர்களிடம் ஒரு தொந்தரவும் காட்டாமலேயே இதயத்தையும் சிறுநீரகத்தையும் மூளையின் சிறு ரத்தக்குழாய்களையும் ஆண்டுக்கணக்கில் கெடுத்துக்கொண்டிருக்கும். பக்கவாதத்தோடு கொண்டுவரப்பட்ட எத்தனையோ பேரின் வீட்டார், நேற்று இரவுவரை நன்றாகத்தான் இருந்தார் என்று கண்ணீரோடு சொல்ல நான் கேட்டிருக்கிறேன்.

நம் வீடுகளில் ஒரு குழப்பம் வேரூன்றியிருக்கிறது. பிரஷரும் கொழுப்பும் ஒன்றே என்றும், எண்ணெயில் கொழுப்பு இருப்பதால் எண்ணெயை மாற்றினால் இரண்டும் இறங்கிவிடும் என்றும் எண்ணிக்கொள்கிறோம். அவை இரண்டும் வெவ்வேறு. எண்ணெயின் வகை முதன்மையாக எல்.டி.எல். கொழுப்பைப் பாதிக்கிறது, அது ரத்தக்குழாயின் உட்சுவரில் படிந்து அடைப்பாக வளர்வதற்குப் பல ஆண்டுகள் ஆகும். ரத்த அழுத்தத்தைச் சில வாரங்களிலேயே ஏற்றவும் இறக்கவும் செய்கிற உணவுப் பொருள் உப்பு. அளவுக்கு மிஞ்சிய எண்ணெய் உடல் எடையைக் கூட்டி, அந்த வழியாக அழுத்தத்தையும் கூட்டும் என்பது உண்மை. ஆனால் அதற்கு எண்ணெயின் பெயர் காரணமல்ல. ஒரு கிராமுக்கு 9 கலோரி என்பது செக்கெண்ணெய்க்கும் ரீபைண்ட் எண்ணெய்க்கும் ஒன்றுதான்.

பெரியப்பா சொன்னதற்கு அடிப்படையே இல்லை என்று நான் சொல்ல மாட்டேன். சிதம்பரம் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தின் உயிர்வேதியியல் துறையினர் ரத்த அழுத்த நோயாளிகள் 50 பேருக்கு 45 நாள் நல்லெண்ணெயை மட்டுமே சமையலுக்குப் பயன்படுத்தச் சொல்லி, 2006இல் முடிவை வெளியிட்டார்கள். அழுத்தம் குறிப்பிடத்தக்க அளவு குறைந்தது, பழைய எண்ணெய்க்குத் திரும்பியதும் மறுபடி ஏறியது. எள்ளில் உள்ள செசமின் என்ற பொருளும் வைட்டமின் ஈயும் இதற்குத் துணைபுரிந்திருக்கலாம். ஆனால் ஊர்வழியாகப் பரவும்போது ஒரு செய்தி மட்டும் விடுபட்டுப் போகிறது: அந்த 50 பேரும் மாத்திரை சாப்பிட்டுக்கொண்டிருந்தவர்கள், ஆய்வு முழுவதும் மாத்திரையை நிறுத்தாதவர்கள். மருந்தோடு சேர்ந்து நல்லெண்ணெய் உதவக்கூடும் என்பதுதான் அதன் பொருள். அதோடு 50 பேர், 45 நாள், நல்லெண்ணெய் சாப்பிடாத ஒப்பீட்டுக் குழு இல்லை என்னும்போது, அதை வைத்து மாத்திரையின் இடத்தை எண்ணெய்க்குக் கொடுப்பது தவறு.

இனி உங்கள் கணக்குக்கு வருகிறேன். இவ்வளவு தெளிவாக அளவு எழுதியதற்காக உங்களைப் பாராட்ட வேண்டும். மாதம் ஐந்து லிட்டர் எண்ணெய் என்பது எடையில் சுமார் 4,575 கிராம். நான்கு பேருக்கு 30 நாளுக்குப் பகிர்ந்தால் தலைக்கு ஒரு நாளைக்கு 38 கிராம் வருகிறது. உழைப்பைப் பொறுத்து ஒருவருக்கு 20 முதல் 30 கிராம் போதும். இது எண்ணெய்க் கணக்கு மட்டுமே. தேங்காயை நாம் யாரும் எண்ணெயாக நினைப்பதில்லை. ஒரு நடுத்தரத் தேங்காயில் 250 கிராம் பருப்பு இருந்தால் அதில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு கொழுப்பு, அதாவது 80 கிராம். தலைக்கு 20 கிராம். அதில் 17, 18 கிராம், எல்.டி.எல்.லை ஏற்றுகிற நிறைவுற்ற கொழுப்பு. நாளொன்றுக்கு 2,000 கலோரி உண்பவர் நிறைவுற்ற கொழுப்பை 22 கிராமுக்குள் வைத்துக்கொள்ள வேண்டும் என்பது உலக சுகாதார நிறுவனத்தின் வரம்பு. பால், நெய், பாமாயில் எதையும் எண்ணத் தொடங்குவதற்கு முன்பே உங்கள் வீட்டுத் தேங்காய் அந்த வரம்பை ஏறக்குறைய எட்டிவிடுகிறது. 152 என்ற எல்.டி.எல். அளவுக்குக் காரணம் தேடினால் நான் முதலில் அங்கேதான் பார்ப்பேன்.

தேங்காயெண்ணெயில் பத்தில் எட்டுப் பங்குக்கு மேல் நிறைவுற்ற கொழுப்பு. பாமாயிலில் பாதி. கடலை எண்ணெயில் ஐந்தில் ஒரு பங்குக்குள், நல்லெண்ணெயில் ஏழில் ஒரு பங்கு, சூரியகாந்தியில் பத்தில் ஒரு பங்கு. தேங்காயெண்ணெய் எச்.டி.எல். என்னும் நல்ல கொழுப்பையும் ஏற்றுகிறதே என்று சிலர் கேட்பார்கள், ஏற்றத்தான் செய்கிறது. ஆனால் ஆய்வுகள் பலவற்றைத் தொகுத்து 2020இல் வெளியான கட்டுரை ஒன்றில், மற்ற தாவர எண்ணெய்களோடு ஒப்பிடும்போது அது எல்.டி.எல்.லை சராசரியாக 10 மில்லிகிராம் ஏற்றியதாகவும், எச்.டி.எல்.லை 4 மில்லிகிராம் மட்டுமே ஏற்றியதாகவும் கண்டார்கள். ஆகவே அன்றாடச் சமையலுக்கு நல்லெண்ணெயும் கடலை எண்ணெயும் போதும். இரண்டும் மாறிமாறி இருப்பது நல்லது. அவியலின் மேல் கடைசியாக ஊற்றும் ஒரு கரண்டித் தேங்காயெண்ணெயை உங்கள் அம்மாவிடமிருந்து நான் பறிக்க மாட்டேன். தாளிப்புக்கு மட்டும் வேறு எண்ணெயை எடுக்கச் சொல்லுங்கள். பாக்கெட்டில் “கொலஸ்ட்ரால் இல்லாதது” என்று அச்சிட்டிருப்பதைப் பார்த்து எதையும் வாங்க வேண்டாம். எந்தத் தாவர எண்ணெயிலும் பொருட்படுத்தும்படி கொலஸ்ட்ரால் இருப்பதில்லை. பாமாயிலுக்கும் அப்படி அச்சிடலாம்.

பொரித்த பாமாயிலை வடிகட்டி வைத்து மறுபடி மறுபடி காய்ச்சுகிறீர்களா என்று நீங்கள் எழுதவில்லை. மலேசியாவில் எலிகளுக்கு ஐந்து முறையும் பத்து முறையும் காய்ச்சிய எண்ணெயைக் கொடுத்துப் பார்த்தபோது அவற்றின் ரத்த அழுத்தமே ஏறியது. மனிதருக்கும் அப்படியே என்று அதைக் கொண்டு முடிவு கட்ட முடியாது. ஆயினும் காயக் காய எண்ணெயில் சேரும் கழிவுப் பொருள்கள் 25 விழுக்காட்டைத் தாண்டினால் அதைச் சமையலுக்குப் பயன்படுத்தக் கூடாது என்று இந்திய உணவுப் பாதுகாப்பு ஆணையம் 2018 ஜூலை முதல் விதித்திருக்கிறது. வனஸ்பதியில் இருந்த டிரான்ஸ் கொழுப்புக்கும் 2022 ஜனவரி முதல் 2 விழுக்காடு என்று வரம்பு வந்துவிட்டது. எனவே எண்ணெய்ப் பொருள்களில் நான் இன்று அதிகம் அஞ்சுவது கறுத்துப்போன எண்ணெய்ச்சட்டியை.

உப்பைக் கடைசியில் வைத்திருக்கிறேன். ரத்த அழுத்தத்துக்கு அதுதான் முதன்மை. ஒரு கிலோ 25 நாளில் தீர்ந்தால் தலைக்கு நாளொன்றுக்கு 10 கிராம். ஊறுகாய், அப்பளம், கருவாடு, கடைப் பலகாரம் இவற்றின் உப்பு அதில் சேரவில்லை. உலக சுகாதார நிறுவனம் சொல்வது 5 கிராமுக்குக் கீழே. ரத்த அழுத்தம் உள்ளவர்கள் நாளுக்கு 4 கிராம் சொச்சம் உப்பைக் குறைத்தால் மேல் அளவு சராசரியாக 5 புள்ளியும் கீழ் அளவு 3 புள்ளியும் இறங்குகின்றன என்பதை, நான்கு வாரத்துக்குக் குறையாமல் நடந்த ஆய்வுகளைத் திரட்டி 2013இல் காட்டியிருக்கிறார்கள். பெரியப்பா எண்ணெயிடம் எதிர்பார்த்த வேலையை, அதுவும் மாத்திரைக்குத் துணையாக, உப்புக் குறைப்பு செய்யும். சோடியம் குறைந்த பொட்டாசியம் உப்பு சீனத்தில் நடந்த பெரிய ஆய்வில் பக்கவாதத்தைக் குறைத்தது உண்மையே. ஆனால் சிறுநீரகக் கோளாறு உள்ளவர்களுக்கும், டெல்மிசார்டன், எனலாப்ரில் போன்ற பிரஷர் மாத்திரை சாப்பிடுவோருக்கும் அது ஆபத்தாகலாம். மருத்துவரைக் கேட்காமல் வாங்க வேண்டாம்.

சங்கரன்கோவில் செக்குக்காரர் எழுதியது:

தங்கச்சி, நான் மூன்று தலைமுறையாகச் செக்காட்டும் குடும்பத்தைச் சேர்ந்தவன். எண்ணெய் விற்றுப் பிழைப்பவன். மருத்துவர் ஐயா சொன்னதை நானும் வழிமொழிகிறேன். பிரஷருக்கு என்று கேட்டு எங்களிடம் நல்லெண்ணெய் வாங்க வருபவர்களிடம், மாத்திரையை விட்டுவிடாதீர்கள் என்று சொல்லித்தான் கொடுக்கிறேன். சிலர் கோபித்துக்கொண்டு வேறு கடைக்குப் போயிருக்கிறார்கள். போகட்டும்.

வாகை மரச்செக்கில் எள் சூடேறாமல் ஆட்டப்படுவதால் மணமும் எள்ளுக்கே உரிய சத்துகளும் எண்ணெயில் தங்குகின்றன. ரீபைண்ட் செய்யும்போது நிறமும் மணமும் வைட்டமின் ஈயில் ஒரு பகுதியும் போய்விடும். ஆனால் எள்ளில் இருக்கிற கொழுப்பின் தன்மை இரண்டிலும் மாறுவதில்லை. அதோடு செக்கெண்ணெய் குறைந்த சூட்டிலேயே புகைந்துவிடும் என்பதால், தாளிப்புக்கும் குழம்புக்கும் தோசைக்கும் அது பொருத்தமே தவிர, கொதிக்கக் கொதிக்கப் பொரிப்பதற்கு ஏற்றதல்ல. ஆட்டும்போது எள்ளோடு பனங்கருப்பட்டியை உடைத்துப் போடுவோம். அதன் பசை திப்பியைப் பிடித்துக்கொள்ள, எண்ணெய் பிரிந்து வரும். சர்க்கரை நோயாளி சாப்பிடலாமா என்று பலர் கேட்கிறார்கள். கருப்பட்டி பெரும்பாலும் புண்ணாக்கோடு போய்விடுவதால் அஞ்ச வேண்டாம்.

செக்கு என்ற பெயரை நம்பி ஏமாறாமல் இருக்க ஒரு கணக்குச் சொல்கிறேன். பத்துக் கிலோ எள் ஆட்டினால் ஏறத்தாழ நான்கு கிலோ எண்ணெய் கிடைக்கும். அப்படியானால் ஒரு கிலோ எண்ணெய்க்கு இரண்டரைக் கிலோ எள் வேண்டும். அன்றைய எள் விலையைக் கடைவீதியில் விசாரித்து, இரண்டரையால் பெருக்கி, புண்ணாக்கு விற்ற காசைக் கழித்துக்கொண்டாலும், அதற்கும் கீழே ஒருவர் நல்லெண்ணெய் விற்றால் அதில் வேறு எண்ணெய் கலந்திருக்கிறது என்றே கொள்ளலாம். கலப்பதற்கு மலிவாகக் கிடைப்பது பாமாயில். இதயத்துக்கு நல்லது என்று கூடுதல் விலை கொடுத்து, ரேஷன் கடையில் லிட்டர் 25 ரூபாய்க்குக் கிடைப்பதை வாங்கி வந்ததாக முடியும்.

கடலை எண்ணெய் வாங்கும்போது இன்னும் கவனம் வேண்டும். ஈரம் பட்டுப் பூஞ்சை பிடித்த கடலையில் அபிளாடாக்சின் என்ற நஞ்சு உண்டாகிறது. ரீபைண்ட் செய்தால் அது நீங்கிவிடும், செக்கில் நீங்காது. அதனால் கடலையை வெயிலில் காயவைத்து, சுருங்கியதையும் கறுத்ததையும் கையால் பொறுக்கி எடுக்கும் செக்கில்தான் வாங்க வேண்டும். முடிந்தால் கடலையை நீங்களே வாங்கிக் கொடுத்து, பக்கத்தில் நின்று ஆட்டி வாங்குங்கள். நல்ல செக்குக்காரர் யாரும் அதற்கு முகம் சுளிக்க மாட்டார்.

கல்லிடைக்குறிச்சி ஆச்சி எழுதியது:

பொருநை, என் வீட்டுக்காரருக்கு இதய அடைப்புக்கு ஸ்டென்ட் வைத்துப் பதினோரு ஆண்டுகள் ஆகின்றன. ஆஸ்பத்திரியிலிருந்து வந்த அன்று, எண்ணெயையும் உப்பையும் குறையுங்கள் என்று எழுதிய தாளைக் கையில் வைத்துக்கொண்டு, எதை எப்படிக் குறைப்பது என்று புரியாமல் அடுப்பங்கரையில் நின்றேன். அதனால் சமையல் பக்கத்தை மட்டும் எழுதுகிறேன்.

எண்ணெயைச் சாடியிலிருந்து சாய்த்து ஊற்றும் பழக்கத்தை முதலில் விட்டேன். மாதத் தொடக்கத்தில் எண்ணெய்ப் பாட்டிலில் நான்கு வாரத்துக்கு நான்கு கோடுகள் போட்டேன். முதல் மாதம் பத்து நாளிலேயே மூன்றாவது கோட்டுக்கு எண்ணெய் இறங்கிவிட்டது. எங்கே போகிறது என்று அப்போதுதான் கவனித்தேன்: கத்தரிக்காயை எண்ணெயிலேயே வதக்குவதில் பாதி போய்க்கொண்டிருந்தது. இப்போது காயை ஆவியில் அரை வேக்காடாக வேகவைத்து, பிறகு இரண்டு தேக்கரண்டி நல்லெண்ணெயில் புரட்டி எடுக்கிறேன். தோசைக்கல்லைத் துணி முடிச்சை எண்ணெயில் தொட்டுத் துடைத்துக்கொள்கிறேன். மிளகாய்ப்பொடிக்கு மட்டும் பச்சை நல்லெண்ணெய் இல்லாமல் முடியாது. அதை ஊற்றிக் குழைக்காமல் மேலே ஒரு தேக்கரண்டி விட்டுக்கொள்கிறோம்.

தேங்காய்தான் கடினம். நம் பக்கத்தில் அரைத்துவிட்ட தேங்காய் இல்லாமல் குழம்பு என்பதே கிடையாது. தேங்காயை அடியோடு நிறுத்தியபோது இரண்டு நாளில் வீட்டில் எல்லோருக்கும் சாப்பாடு வெறுத்துப்போயிற்று. பிறகு அரை மூடித் தேங்காயோடு வறுத்த துவரம்பருப்பையோ ஒரு கரண்டிப் பொரிகடலையையோ சேர்த்து அரைத்துப் பார்த்தேன். குழம்பின் கெட்டி குறையவில்லை. தேங்காய்ப்பாலில் வைக்கும் சொதியை மறுவீட்டு விருந்துக்கும் பண்டிகைக்கும் என்று ஒதுக்கிவிட்டோம். அன்றும் தலைப்பாலைக் குறைத்து இரண்டாம் பாலில் காயை வேகவைத்தால், இஞ்சிச் சாறும் எலுமிச்சையும் சேர்ந்து சொதியின் குணம் கெடாமல் நிற்கும்.

உப்பை ஒரே நாளில் பாதியாக்காதீர்கள். தட்டில் தனி உப்புக் கேட்பார்கள், முன்னைவிடக் கூடுதலாகவே போட்டுக்கொள்வார்கள். ஒரு வாரத்துக்குக் கால் தேக்கரண்டி என்று குறைத்துவந்தால், ஒன்றரை மாதத்தில் நாக்கு பழகிவிடும். உலையில் உப்புப் போடுவதை நிறுத்தினேன். அப்பளத்துக்குப் பெயர் பெற்ற ஊரில் இருந்துகொண்டு சொல்கிறேன், அப்பளத்தில் உப்பும் உண்டு, அப்பளக்காரத்தின் சோடியமும் உண்டு. வாரம் ஒருநாள் தணலில் சுட்டுப் போடுகிறேன். மோர்மிளகாயும் நார்த்தங்காய் ஊறுகாயும் என் வீட்டுக்காரரின் கண்ணில் படாத பரணில் இருக்கின்றன. கருவாட்டை நான்கு தண்ணீர் ஊறவைத்துக் கழுவினாலும் உப்பு முழுதாகப் போவதில்லை; அதை மாதம் ஒருமுறைக்கு மேல் வாங்குவதில்லை.

பொருநை மீண்டும் எழுதியது:

ஆச்சிக்கும் ஐயாவுக்கும் செக்கு அண்ணாச்சிக்கும் மிக்க நன்றி. ஆறு வாரம் கழித்து எழுதுகிறேன். அந்த 50 பேரும் மாத்திரையை விடாதவர்கள் என்ற வரியை அப்பாவிடம் இரண்டு முறை படித்துக் காட்டினேன். சற்று நேரம் பேசாமல் இருந்துவிட்டு, மறுநாள் காலையில் தாமாகவே என்னோடு மருத்துவரிடம் கிளம்பினார். பழைய மாத்திரையையே திரும்பத் தொடங்கியிருக்கிறார்கள். எண்ணெய் இந்த மாதம் மூன்று லிட்டரில் நின்றது, பாமாயிலை நிறுத்திவிட்டோம். முன்பு பொரித்ததை வடிகட்டி வைத்து மூன்று நான்கு முறை பயன்படுத்தியது உண்மைதான் ஐயா. தேங்காய் ஒன்று இரண்டு நாளைக்கு வருகிறது. உப்புப் பாக்கெட் 37 நாள் வந்தது. நேற்று அழுத்தம் 136/86. எல்.டி.எல்.லை மூன்று மாதம் முடிந்ததும் பார்க்கச் சொல்லியிருக்கிறார்கள்.

இரண்டு ஐயங்கள். என் மகள் பெரியவளாகி இரண்டு மாதம் ஆகிறது. அவளுக்கு நல்லெண்ணெய் ஊற்றி உளுந்தங்களி கிண்டிக் கொடுக்கிறோம், அதையும் குறைக்க வேண்டுமா? வீட்டில் பிரஷர் கருவி வாங்கலாமா? அப்பா ஒரே மணி நேரத்தில் அக்கம்பக்கத்தில் மூன்று இடங்களில் பார்த்துவிட்டு, மூன்றும் மூன்று விதமாக இருப்பதாகக் குழம்புகிறார்.

ஓய்வுபெற்ற மருத்துவர் (பாளையங்கோட்டை) எழுதியது:

மிகவும் மகிழ்ச்சி அம்மா. வளரும் பிள்ளைக்கு உளுந்தங்களியைக் குறைக்க வேண்டாம்; அதில் உளுந்தின் புரதமும் நல்லெண்ணெயும் சேர்கின்றன, அவள் வயதுக்கு அது நல்ல உணவு. அதே கிண்ணத்தில் தாத்தாவுக்கும் ஒரு உருண்டை போகாமல் பார்த்துக்கொண்டால் போதும். அவருக்கு அல்வா வாங்கி வருபவர்களிடமும் சொல்லி வையுங்கள். நெய்யில் பாதிக்கு மேல் நிறைவுற்ற கொழுப்பு.

மேல்கையில் பட்டை கட்டும் கருவியாகப் பார்த்து வாங்குங்கள், மணிக்கட்டில் கட்டுவது வேண்டாம். அளப்பதற்கு அரை மணி நேரம் முன்பிலிருந்து காப்பி குடிக்கக் கூடாது. முதுகைச் சாய்த்து, கால் இரண்டும் தரையில் படும்படி ஐந்து நிமிடம் பேசாமல் அமர்ந்திருந்து, கையை இதயத்தின் மட்டத்தில் மேசைமேல் வைத்து, ஒரு நிமிட இடைவெளியில் இரண்டு முறை பார்த்துச் சராசரியை எழுதிவையுங்கள். காலையில் மாத்திரைக்கு முன்பும், இரவில் சாப்பாட்டுக்கு முன்பும், ஒரு வாரத்துக்கு இப்படிக் குறித்த தாளை மருத்துவரிடம் காட்டினால், ஓடிப்போய்ப் பார்த்த அந்த மூன்று அளவுகளைவிட அது அவருக்குப் பயன்படும். கருவியையும் ஒருமுறை கையோடு எடுத்துச்சென்று, அவருடைய கருவியோடு ஒத்துப் பார்த்துக்கொள்ளுங்கள்.